கல்லாவில் உட்கார்ந்த அண்ணனும் சொல் மாற்றும் கருவிகளும்

ஒரு கட்டுரையைக் கொண்டுபோய் ஒட்டினால் பொருள் மாறாமல் வேறு சொற்களில் எழுதித் தரும் கருவிகள் ஆங்கிலத்தில் ரொம்ப நாளாக இருக்கின்றன. இப்போது தமிழிலும் கிடைக்கின்றன. அவை சொல்வதைச் செய்கின்றனவா என்று பார்க்க, நானே எழுதிய ஒரு கட்டுரையைக் கொடுத்துப் பார்த்தேன். விஜய் டிவியில் 2018 முதல் 2023 வரை ஓடிய ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ தொடரையும், அதன் மலையாள ரீமேக்காக ஏசியாநெட்டில் 2020 முதல் 2024 வரை வந்த ‘சாந்த்வனம்’ தொடரையும் ஒப்பிட்டு எழுதியது அது. கருங்கல் என்ற எங்கள் ஊரில் இருந்துகொண்டு தொலைக்காட்சியைப் பற்றி எழுதுகிறவர்களுக்கு இது தானாக வந்து சேரும் விஷயம். 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தோடு இருந்த பகுதி இது. இன்றைக்கும் ஒரே வீட்டில் மாமியார் ஏசியாநெட்டும் மருமகள் விஜய் டிவியும் பார்ப்பது இங்கே சாதாரணம். அண்ணன் தம்பி நாலு பேர், ஒரு மளிகைக்கடை, வீட்டைத் தாங்கும் அண்ணி என்று ஒரே கதையை இரண்டு மொழியிலும் பார்த்த வீடுகள் எங்கள் தெருவிலேயே உண்டு.

இந்தக் கருவிகளுக்குத் தமிழில் இவ்வளவு கிராக்கி வந்ததற்குக் காரணம் இருக்கிறது. 2018 பிப்ரவரியில் கூகுள் ஆட்சென்ஸ் தமிழை ஏற்றுக்கொண்டது. தமிழில் மட்டும் எழுதும் இணையதளங்களுக்கும் விளம்பர வருமானம் வரும் வழி அப்போது திறந்தது. அந்த வருமானத்துக்கு சீரியல் செய்தி நல்ல சரக்கு. தினமும் ஒரு எபிசோட், தினமும் ஒரு செய்தி, தினமும் படிக்க ஆள். ஒருவர் எபிசோடைப் பார்த்து எழுதுவார். மற்றவர்கள் பார்க்காமலே அவர் எழுதியதைச் சொல் மாற்றிப் போடுவார்கள். பார்த்து எழுதியவருக்குக் கிடைக்க வேண்டிய வாசகரும் காசும் பிரிந்துபோகும். அந்த வேலைக்குத்தான் இந்தக் கருவிகள் பெரும்பாலும் பயன்படுகின்றன என்பதால், அவற்றை அந்த வேலையிலேயே வைத்துச் சோதிப்பதுதான் சரி என்று தோன்றியது.

மூன்று வகைக் கருவிகளை எடுத்துக்கொண்டேன். ஒன்று, ஒவ்வொரு சொல்லுக்கும் அகராதியிலிருந்து இணைச்சொல் எடுத்துப் போடும் இணையப் பக்கம். இரண்டு, தமிழை ஆங்கிலமாக்கி, அந்த ஆங்கிலத்தைத் திரும்பத் தமிழாக்கும் வழி. மூன்று, கேட்டால் எழுதித் தரும் செயற்கை நுண்ணறிவு அரட்டைச் செயலி. எந்த நிறுவனத்தின் பெயரையும் இங்கே சொல்லவில்லை. நான் பார்த்த குறைகள் இந்த வகைகளின் அமைப்பிலேயே இருப்பவை.

முதல் வகையைக் கைபேசியில் திறந்தால் மேலே ஒரு பெட்டி, கீழே ஒரு பெட்டி, நடுவில் விளம்பரம். இலவசமாகக் கொடுக்கும் அளவு சின்னது; என் கட்டுரையைத் துண்டு துண்டாக வெட்டித்தான் போட முடிந்தது. வேகத்தில் குறையில்லை, பொத்தானை அழுத்திய உடனே பதில் வந்துவிடுகிறது. என் கட்டுரையின் தொடக்க வரி இது: ‘மூத்த அண்ணன் சத்தியமூர்த்தி கல்லாவில் உட்கார்ந்திருக்க, அண்ணி தனம் கொழுந்தன்மாரைப் பெற்ற பிள்ளைகளைப் போல வளர்த்த கதை.’

கருவி தந்தது இது: ‘முதிய தமையன் சத்தியமூர்த்தி படிக்காதவில் அமர்ந்திருக்க, அண்ணி செல்வம் மைத்துனன்மாரைப் பெற்ற குழந்தைகளைப் போல வளர்த்த காதை.’

ஒவ்வொரு மாற்றமாகப் பார்த்தால் கருவி எப்படி வேலை செய்கிறது என்பது தெரிந்துவிடும். கல்லா என்றால் கடையில் பணம் போடும் பெட்டி. கல்வி இல்லாத என்ற பொருளும் பழைய தமிழில் அந்தச் சொல்லுக்கு உண்டு. கருவிக்குப் பக்கத்தில் கடை இருப்பது தெரியவில்லை, அகராதியில் முதலில் கிடைத்த பொருளை எடுத்துக்கொண்டது. பிறகு ‘வில்’ என்ற வாலை அப்படியே ஒட்டிவைத்தது. ‘படிக்காதவில்’ என்று தமிழில் ஒரு சொல்லே கிடையாது. தனம் என்பது ஒருவர் பெயர் என்பதும் அதற்குத் தெரியவில்லை. ஐந்து வருடம் தமிழ்நாட்டு வீடுகளில் தனம் தனம் என்று கூப்பிட்ட ஒரு பாத்திரம் செல்வமாகி, வாசகர் மனதில் ஆணாகவும் ஆகிவிட்டது. ‘மூத்த’ என்பதை ‘முதிய’ ஆக்கியதும் சின்னப் பிழை அல்ல. சத்தியமூர்த்தி தம்பிகளுக்கு மூத்தவர், கிழவர் இல்லை. கொழுந்தன் என்றால் பொதுவாகக் கணவனின் தம்பி. மைத்துனன் என்றால் மனைவியின் உடன்பிறந்தானும் வருவான். அண்ணிக்கும் கொழுந்தனுக்கும் நடுவில் இருக்கும் உறவில்தான் அந்தத் தொடரே நிற்கிறது. அதன் அச்சாணியைக் கருவி ஒரே அழுத்தில் கழற்றிப் போட்டுவிட்டது.

அடுத்த வரியில் புணர்ச்சியும் கெட்டது. தம்பிகளில் ஒருவனைப் பற்றி ‘ஜீவா கடையைப் பார்த்துக்கொண்டான்’ என்று எழுதியிருந்தேன். ‘ஜீவா கடையைப் நோக்கிக்கொண்டான்’ என்று வந்தது. கடையைப் பார்த்துக்கொள்வது என்றால் பொறுப்பாக நடத்துவது. கண்ணால் நோக்குவது இல்லை. அதைவிடக் கண்ணில் குத்துவது நடுவில் அநாதையாக நிற்கும் அந்த ‘ப்’. அடுத்த சொல் பகரத்தில் தொடங்கினால்தான் அந்த ஒற்று வரும். சொல்லை மாற்றினால் முந்தைய சொல்லின் வாலையும் மாற்ற வேண்டும் என்பது தமிழில் நாலாம் வகுப்புப் பிள்ளைக்கும் காது வழியாகத் தெரியும். ஆங்கிலத்தில் ஒரு சொல்லை எடுத்துவிட்டு இன்னொன்றை வைத்தால் பக்கத்துச் சொல் பெரும்பாலும் அசையாது. தமிழில் பெயரோடு வேற்றுமை ஒட்டும், வினையோடு திணையும் பாலும் மரியாதையும் ஒட்டும், சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவில் ஒற்று வரும், போகும். ‘கணவன் சொன்னான்’ என்பதில் கணவனை மட்டும் ‘கணவர்’ ஆக்கினால் வாக்கியம் நொண்டும். வினையையும் ‘சொன்னார்’ என்று மாற்ற வேண்டும். ‘வீட்டிலிருந்துதான்’ என்ற ஒரே சொல்லுக்குள் வீடு இருக்கிறது, உருபு இருக்கிறது, அழுத்தம் இருக்கிறது. அதைப் பிரித்து, ‘இல்லம்’ என்று மாற்றி, ‘இல்லத்திலிருந்துதான்’ என்று திரும்பக் கோக்கத் தெரியாத கருவிக்குத் தமிழ் வேலை கொடுக்கக் கூடாது.

இணைச்சொல் பட்டியல் தமிழுக்குப் புதிதும் அல்ல. திவாகரம், பிங்கலம், சூடாமணி என்று நிகண்டுகளாகவே ஒரு மரபு இருக்கிறது. வீரமாமுனிவர் 1732இல் சதுரகராதியைத் தொகுத்தபோதும் அந்த நிகண்டு மரபைக் கையில் வைத்துக்கொண்டுதான் தொகுத்தார். ஆனால் நிகண்டை மனப்பாடம் செய்தவர் புலவர். எதுகையும் மோனையும் கேட்கும் இடத்தில் எந்தச் சொல் பொருந்தும், எது பொருந்தாது என்று தீர்மானிக்கும் வேலை அவருடையது. இந்தக் கருவியில் பட்டியல் மட்டும் இருக்கிறது, தீர்மானிக்க ஆள் இல்லை.

இந்த வகையை நான் முற்றிலும் ஒதுக்கியதற்குக் காரணம் ஒரே ஒரு வரி. ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ தொடரில் முல்லை வேடத்தில் நடித்துப் பெரும் அன்பைச் சம்பாதித்த சித்ரா 2020 டிசம்பரில் மறைந்தார். அதன் பிறகு காவ்யா அறிவுமணி அந்த வேடத்தை ஏற்றார். இதை எழுதும்போது ‘சித்ரா மறைந்த பிறகு’ என்று எழுதியிருந்தேன். கருவி அதை ‘சித்ரா ஒளிந்த பிறகு’ என்று ஆக்கியது. இறந்துபோன ஒரு பெண்ணைப் பற்றி, அவர் குடும்பத்தார் படிக்கக்கூடிய ஓர் எழுத்தில், இப்படி ஒரு வரி வந்தால் அது பிழை என்ற அளவோடு நிற்காது. படித்துப் பார்க்காமல் வெளியிடுகிறவர் கையில் இந்த வரி அப்படியே போய்விடும். படித்துப் பார்க்க நேரம் இல்லை என்பவர்கள்தான் இந்தக் கருவியைத் தேடி வருகிறார்கள்.

இது தமிழுக்கு மட்டும் வந்த நோய் அல்ல. கியோம் கபனாக், சிரில் லாபே, அலெக்சாண்டர் மகசினோவ் என்ற மூன்று ஆய்வாளர்கள் 2021இல் ஆங்கில அறிவியல் ஆய்விதழ்களைத் துழாவி, இப்படிக் கருவியால் உருக்குலைந்த தொடர்களைப் பட்டியலிட்டார்கள். செயற்கை நுண்ணறிவு என்பதற்குப் ‘போலிப் பிரக்ஞை’ என்ற பொருள்படும் ஆங்கிலத் தொடர் வந்திருந்தது. மார்பகப் புற்றுநோய்க்கு ‘மார்பு ஆபத்து’ என்ற பொருளில் ஒரு தொடர் வேறு இடங்களில் அகப்பட்டது. ஆய்விதழ்களின் நிலைமையே அதுவென்றால் சீரியல் செய்தியைக் கேட்கவே வேண்டாம்.

இரண்டாம் வகை, ஆங்கிலத்துக்குப் போய்த் திரும்பி வருவது. இதில் இலக்கணம் ஓரளவு தப்பிக்கிறது. ஒற்றும் விகுதியும் பெரும்பாலும் சரியாக வந்தன. கூகுள் மொழிபெயர்ப்பில் தமிழ் சேர்ந்தது 2011இல். அன்றைக்கு வந்த தமிழோடு பார்த்தால் இன்றைய இயந்திரத் தமிழ் எங்கேயோ வந்துவிட்டது. ஆனால் உறவுமுறை இந்த வழியில் முழுவதும் நாசமாகிறது. ‘தனம், மீனா, முல்லை மூவரும் ஓரகத்திகள், மீனாவுக்கும் முல்லைக்கும் தனம் அக்கா ஸ்தானம்’ என்று எழுதியிருந்தேன். ஆங்கிலத்தில் அண்ணியும் நாத்தனாரும் கொழுந்தியாளும் ஓரகத்தியும் ஒரே சொல்லில் அடங்கிவிடுவார்கள். அங்கே ஒன்றானவர்களைத் திரும்பி வரும்போது பிரிக்க வழியில்லை. எல்லோரும் ‘மைத்துனிகள்’ ஆகி வந்தார்கள். யார் யாருக்கு என்ன உறவு என்று தெரியாமல் ஒரு குடும்பத் தொடரைப் பற்றி என்ன எழுதிவிட முடியும்? ஓரகத்திகளுக்குள் வரும் போட்டி வேறு, நாத்தனார் கொடுமை வேறு. இரண்டையும் ஒன்றாக்கினால் கதையே மாறிவிடும்.

ஊர்ச் சொற்களுக்கும் இதே கதிதான். மரச்சீனி அவித்து மீன்கறியோடு தட்டில் வைத்துக்கொண்டு டிவி முன்னால் உட்காரும் வீட்டைப் பற்றி ஒரு வரி எழுதியிருந்தேன். மரச்சீனி திரும்பி வரும்போது ‘மரச் சர்க்கரை’யாக வந்தது. மரவள்ளிக்கிழங்கு என்று எழுதியிருந்தால் தப்பித்திருக்கும். ஆனால் எங்கள் ஊர் வீட்டைப் பற்றி எழுதும்போது நான் ஏன் மரவள்ளிக்கிழங்கு என்று எழுத வேண்டும்? மளிகைக்கடையை இங்கே வயதானவர்கள் பலவெஞ்சனக்கடை என்பார்கள். அந்தச் சொல்லையும் போட்டுப் பார்த்தேன், ஆங்கிலம் வரைக்கும்கூடப் போய்ச் சேரவில்லை.

மூன்றாம் வகையான அரட்டைச் செயலி நல்ல தமிழ் எழுதுகிறது. ஒற்று பிசகவில்லை, தனம் தனமாகவே இருந்தார், கல்லாவும் கல்லாவாகவே இருந்தது. முதலில் படிக்கும்போது வேலை முடிந்துவிட்டது என்றே தோன்றும். வரிவரியாகப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் தெரிகிறது, என் கட்டுரையில் இருந்த திட்டமான விஷயங்கள் ஒவ்வொன்றாகக் காணாமல் போயிருந்தன. மரச்சீனியும் மீன்கறியும் ‘இரவு உணவு’ ஆகியிருந்தன. குன்றக்குடி என்ற கதை நடக்கும் ஊர் ‘ஒரு கிராமம்’ ஆகியிருந்தது. அவை போன இடத்தில் ‘ரசிகர்களின் மனதில் நீங்கா இடம்’, ‘உணர்ச்சிப் போராட்டங்கள்’ என்று எந்தத் தொடருக்கும் பொருந்தும் சொற்கள் வந்து உட்கார்ந்திருந்தன. இதைவிட ஆபத்தானது, கேட்காத தகவலைச் சேர்ப்பது. ‘சாந்த்வனம்’ முதலில் வந்ததாகவும், ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ அதன் தமிழ் வடிவம் என்றும் எழுதியிருந்தது. நான் கொடுத்த கட்டுரையிலேயே ஆண்டு இருந்தும் இப்படி. ‘சாந்த்வன’த்தில் சிப்பி நடித்த தேவி வேடத்தில் சுஜிதா நடித்ததாகச் சொன்னது. சுஜிதா தமிழில் தனமாக நடித்தவர்.

சுஜிதா பெயரைச் சொல்லும்போதே, உண்மையாக மாற்றி எழுதுவது எப்படி இருக்கும் என்பதற்கும் இந்தத் தொடரிடமே பதில் இருக்கிறது. தெலுங்கில் ஸ்டார் மாவில் ‘வதினம்மா’ என்று இதே கதை வந்தபோது அங்கேயும் சுஜிதாதான் நாயகி. இந்தியில் ஸ்டார் பிளஸ்ஸில் 2021இல் ‘பாண்ட்யா ஸ்டோர்’ ஆயிற்று. குன்றக்குடிக் கடை குஜராத்தின் சோமநாத்துக்குப் போனது. தலைப்புகளைக் கவனித்தாலே எவ்வளவு யோசித்திருக்கிறார்கள் என்று தெரியும். தமிழிலும் இந்தியிலும் கடையின் பெயர் தலைப்பு. மலையாளத்தில் வீட்டின் பெயர். தெலுங்கில் அண்ணியே தலைப்பு. ஒரே கதையை எடுத்துக்கொண்டு, அந்தந்த ஊர் வாசலில் நின்று, எது முன்னால் வர வேண்டும் என்று தீர்மானித்திருக்கிறார்கள். ‘சாந்த்வன’த்தில் தம்பி சிவன், அஞ்சலி ஜோடிக்குக் கேரளத்தில் கிடைத்த வரவேற்பை இங்கே ஏசியாநெட் பார்க்கும் வீடுகளிலும் கண்டேன். அவர்களுக்கு இணையான கதிர்-முல்லை ஜோடியைத் தமிழில் பார்த்து முடித்தவர்களே திரும்ப உட்கார்ந்து பார்த்தார்கள். கதை தெரிந்தும் பார்க்க வைத்தது, சொன்ன விதம் மாறியதுதான். லிங்குசாமியின் ‘ஆனந்தம்’ 2001இல் வந்தபோது மம்மூட்டியும் தம்பிகளும் நடத்திய கடையைப் பார்த்தவர்களுக்கு ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ கடை அந்நியமாக இருந்திருக்காது. மளிகைக்கடையும் ஒற்றுமையான சகோதரர்களும் யாருக்கும் தனிச் சொத்து அல்ல. அதைச் சொன்ன விதம் சொன்னவருக்குச் சொத்து.

உச்ச நீதிமன்றம் 1978இல் ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் சொன்னதும் இதைத்தான். தன் நாடகத்தை எடுத்து ‘நியூ டெல்லி’ என்ற இந்திப் படமாக்கிவிட்டார்கள் என்று நாடக ஆசிரியர் போட்ட வழக்கு அது. கருத்துக்குப் பதிப்புரிமை இல்லை, அதை வெளிப்படுத்திய விதத்துக்குத்தான் உண்டு என்பது தீர்ப்பின் சாரம். அப்படியானால் சொல்லை மாற்றினால் வெளிப்பாடு மாறிவிட்டதே என்று சிலர் வாதாடுவார்கள். 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் தழுவல் என்பதற்குள் மாற்றி அடுக்குவதையும் திருத்தி அமைப்பதையும் சேர்த்தே வைத்திருக்கிறது. தழுவும் உரிமை எழுதியவருடையது. இன்னொருவர் கட்டுரையின் வரிசையை, அவர் தேர்ந்த உதாரணங்களை, அவர் வந்த முடிவை அப்படியே வைத்துக்கொண்டு ‘வீடு’ இருந்த இடத்தில் ‘இல்லம்’ போடுவதை நான் திருட்டு என்றே சொல்வேன்.

கருங்கல் சந்திப்புப் பக்கம் டிடிபியும் ஜெராக்ஸும் செய்யும் கடை வைத்திருக்கும் ஒரு தம்பியிடம் இந்தக் கருவிகளைப் பற்றிப் பேசினேன். கல்லூரிப் பிள்ளைகள் புராஜெக்டைக் கொண்டுவந்து அவரிடம் கேட்பது இந்த வேலைதானாம். “அக்கா, அவங்களுக்குப் பர்சன்டேஜ் குறைஞ்சா போதும். எழுத்து மாறணும், விஷயம் மாறப்பிடாது, அதான் கேப்பாங்க” என்றார். பல்கலைக்கழக மானியக் குழு 2018இல் கொண்டுவந்த விதிப்படி ஒப்புமை 10 சதவீதம் வரை இருந்தால் தண்டனை இல்லை; 60 சதவீதத்தைத் தாண்டினால் ஆய்வு மாணவரின் பதிவே ரத்தாகும். பிள்ளைகளின் கண் அந்த எண்ணில் மட்டும் இருக்கிறது. அதே விதியில், பிறர் படைப்பையோ கருத்தையோ தன்னுடையதாகக் காட்டுவதுதான் எழுத்துத் திருட்டு என்று எழுதியிருப்பதை யாரும் அவர்களுக்குப் படித்துக் காட்டவில்லை. அந்தத் தம்பியிடம் ‘படிக்காதவில்’ வரியைக் காட்டினேன். மானிட்டரைத் தன் பக்கம் திருப்பி, முந்தைய நாள் ஒரு மாணவிக்கு அச்சடித்துக் கொடுத்த கோப்பைத் திறந்து படிக்க ஆரம்பித்தார்.

இனி வாங்கலாமா, வேண்டாமா என்ற கேள்வி. இணைச்சொல் போடும் முதல் வகைக்கு ஒரு ரூபாய்கூடக் கொடுக்க வேண்டாம், இலவசமாகவும் வேண்டாம். சொல்லுக்குப் பொருளும் பயன்பாடும் தேவையென்றால் க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி இருக்கிறது. அதில் ஒவ்வொரு சொல்லும் வாக்கியத்தில் எப்படி வரும் என்று காட்டியிருப்பார்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகனைச் சிகாகோ பல்கலைக்கழகம் இணையத்திலேயே வைத்திருக்கிறது, கைபேசியில் தேடலாம், காசில்லை. இரண்டாம் வகையை, வெளியூர்க்காரருக்கு ஒரு செய்தியின் சாரத்தைச் சொல்ல வைத்துக்கொள்ளலாம். திரும்பத் தமிழுக்குக் கொண்டுவருவதற்கு வேண்டாம்.

அரட்டைச் செயலியை மட்டும் வைத்திருக்கிறேன், மாற்றி எழுதச் சொல்வதற்கு அல்ல. என் கட்டுரையைக் கொடுத்து, ‘எந்தச் சொல் திரும்பத் திரும்ப வருகிறது, எந்த வாக்கியம் மூச்சு முட்டுகிறது, குறித்துக் காட்டு, நீ எதையும் மாற்றாதே’ என்று கேட்டால் நன்றாகச் செய்கிறது. ‘அதன் பிறகு’ என்று ஒரே பத்தியில் அடுக்கியிருந்ததை அதுதான் பிடித்துக் கொடுத்தது. இரண்டு தொடர்களையும் கலந்து எழுதிய ஓர் இடத்தில், எது தமிழ், எது மலையாளம் என்று வாசகருக்குப் புரியாது என்றும் சொன்னது. அது சரியான கண்டுபிடிப்பு. திருத்தத்தை நானே கையால் செய்தேன். இந்த அளவுக்கு இலவசப் பதிப்பே போதும், மாதச் சந்தா தேவையில்லை. லேப்டாப்பில் இரண்டு ஜன்னலைப் பக்கத்தில் பக்கத்தில் திறந்துவைத்துப் பார்ப்பது வசதி. கைபேசியில் மேலும் கீழும் தள்ளித் தள்ளிப் பார்க்கும்போது சேர்த்த தகவல் கண்ணுக்குத் தப்பிவிடுகிறது.

சீரியலைப் பற்றி எழுதுகிறவர்கள் எந்தக் கருவியைத் தொட்டாலும், வெளியிடும் முன் ஆள் பெயர், ஆண்டு, யார் யாருக்கு என்ன முறை என்ற மூன்றையும் மூலத்தோடு விரல் வைத்து ஒப்பிட வேண்டும். அடுத்தது, நடிகர் மாறிய இடமும் நடிகர் இறந்த இடமும். அந்த வரிகளைக் கருவியிடம் கொடுக்கவே கூடாது, நீங்களே எழுதுங்கள்.